கன்னியப்பன் கைக்கு வந்த நம்பர்

எங்கள் ஆஸ்பத்திரி ரெக்கார்டு கிளார்க் கன்னியப்பனுக்கு உட்காரத் தெரியாது. நாற்காலி ஒன்று கொடுத்திருந்தார்கள். அதில் அவருடைய துண்டுதான் உட்கார்ந்திருக்கும். நின்றுகொண்டே எழுதுவார், எழுதிக்கொண்டே காலை ஆட்டுவார், நடுவில் வாசல்வரை போய் எட்டிப் பார்த்துவிட்டு வருவார். பக்கத்து மேசையில் ஊசி போடுகிற எனக்குத் தலை சுற்றும். "யோவ், ஒரு எடத்துல நில்லுய்யா, பேஜாரா கீது" என்று நான் கத்தாத நாள் கிடையாது. நான் அங்கே நர்ஸ், பெயர் ஞானசுந்தரி. வாய் கொஞ்சம் நீளம் என்று உத்திரமேரூர் முழுக்கப் பெயர். இருக்கட்டும்.

எண்பத்திரண்டில் ஜில்லா ஆபீஸிலிருந்து ஒரு தடிப் புத்தகம் வந்தது. இனிமேல் வியாதியின் பெயரை எழுதினால் மட்டும் போதாது, அதற்கென்று உள்ள நம்பரையும் போட வேண்டும் என்றார்கள். உலகம் பூராவும் அதே நம்பர்தானாம். அதற்காகத்தான் கன்னியப்பனைத் தற்காலிகமாக வைத்தார்கள். மனுஷன் அந்தப் புத்தகத்தைக் கரைத்துக் குடித்தார். மணிக்கட்டு மூட்டு விலகினால் 833. விரல் மூட்டு விலகினால் 834. வெறும் சுளுக்கு என்றால் 842. மூட்டு விலகி, தோல் கிழியாமல் இருந்தால் பின்னால் புள்ளி வைத்து சைபர். கிழிந்து திறந்திருந்தால் புள்ளி ஒன்று. வரப்பில் விழுந்தவன், மாடு இழுத்தவன், நெல் மூட்டையோடு சாய்ந்தவன் என்று எங்களுக்குக் கை கேஸ்களுக்குப் பஞ்சமே இல்லை.

அவருக்கு இருந்த ரோதனை வேறு. அவர் மனைவி பவளத்துக்கு இரட்டைப் பெண் குழந்தைகள். இரட்டைப் பிள்ளை பெற்றவள் எண்ணெய் தொட்டு உருவிவிட்டால் சுளுக்கு போய்விடும் என்று எங்கள் பக்கம் கெட்டியான நம்பிக்கை. காவாந்தண்டலத்திலிருந்துகூட அவளைத் தேடி வருவார்கள். பவளம் யாரையும் இல்லையென்று அனுப்ப மாட்டாள். சுளுக்கு போனவன் சந்தோஷமாக வீட்டுக்குப் போவான். மூட்டு விலகினவன் வீங்கிய கையோடு எங்களிடம் வருவான். கன்னியப்பன் பேனாவை வைத்துவிட்டு, "எவய்யா இத உருவனது?" என்று பாய்வார். "உங்க வூட்லதான் சார்" என்று பதில் வரும். எனக்குச் சிரிப்பு தாங்காது. அவருக்கு முகம் செத்துப்போகும்.

வீட்டில் இதற்காக ஓயாத சண்டை. "வூடு தேடி வர்றவங்கள எப்டி தொரத்துறது? என் கையில கீறது சாமி குடுத்தது" என்பாள் பவளம். அவளுக்கு ஊரில் இருந்த மரியாதையே அந்தக் கைதான். அவரும் முணுமுணுத்துக்கொண்டே செருப்பை மாட்டுவார்.

அந்த வருஷம் கார்த்திகை மழையில் ஜில்லா ஆபீஸிலிருந்து தகவல் வந்தது. திங்கட்கிழமை அதிகாரி வருவார். கன்னியப்பனைத் தன் எதிரில் எழுதச் சொல்லிப் பார்ப்பார். திருப்தியாக இருந்தால் வேலை நிரந்தரம், இல்லையென்றால் வேறு ஆள். மனுஷனுக்கு அதற்கப்புறம் காலும் நிற்கவில்லை, கையும் நிற்கவில்லை. அந்தப் பரபரப்பில் வெள்ளிக்கிழமை ஏரிக்கரைச் சேற்றில் சைக்கிளோடு சறுக்கி, வலது கையை ஊன்றி விழுந்தார்.

எங்களிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. சனிக்கிழமை கையைத் துண்டால் மூடிக்கொண்டு வந்து நின்றார். "சிஸ்டர், இந்த ரெண்டு கேஸ நீங்க எழுதிடுங்களேன், நான் நம்பர் சொல்றேன்" என்றார். நம்பர் சொல்லும்போதே துண்டை இன்னும் இழுத்து மூடினார். துண்டைப் பிடுங்கினேன். ஐயோ, அது கையா! மணிக்கட்டு பன் மாதிரி உப்பி, விரல்கள் பாதி மடங்கியபடி நின்றன.

"இன்னாய்யா இது?"

"842 தான் சிஸ்டர். சுளுக்கு. பவளம் நேத்து சாயங்காலமும் இன்னிக்கி காலையிலயும் உருவிச்சு. திங்கக்கெழமைக்குள்ள எறங்கிடும்."

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. "ஊர்ல கீறவன் கைக்கெல்லாம் 833 போட்டியே, உன் கைக்கு மட்டும் 842 ஆ? கண்ணு அவிஞ்சா பூடுச்சு உனக்கு?"

"கத்தாதீங்க சிஸ்டர். டாக்டர் பாத்தா மாவுக்கட்டு போட்டுடுவாரு. கட்டோட எப்டி எழுதிக் காட்டுறது? பூடும், வேல பூடும்."

வேலை போய்விடும் என்ற பயத்தில், சுளுக்காக இருக்கட்டும் என்று ஆசைப்பட்டிருக்கிறார். ஆசைப்பட்டால் எலும்பு கேட்குமா? சட்டைக்காலரைப் பிடிக்காத குறையாக டாக்டரிடம் இழுத்துக்கொண்டு போனேன். பவளத்துக்கும் ஆள் அனுப்பினேன். இரண்டு குழந்தைகளையும் இடுப்பிலும் கையிலுமாகப் பிடித்துக்கொண்டு ஓடி வந்தாள்.

டாக்டர் கையைத் தொட்டதுமே, "இத யாருய்யா உருவினது?" என்று உறுமினார். பவளம் முகம் வெளுத்துவிட்டது.

"நான்தான் சார்," என்றார் கன்னியப்பன். "நானே இழுத்து வுட்டுக்கினேன்."

காஞ்சிபுரம் போய் எக்ஸ்ரே போட்டோ எடுத்தார்கள். மூட்டு விலகித்தான் இருந்தது. மயக்கம் கொடுத்து உள்ளே தள்ளி, முழங்கைவரை மாவுக்கட்டு போட்டு அனுப்பினார்கள். விலகின எலும்பை உருவி உருவி நரம்பெல்லாம் நசுங்கியிருக்கிறது, விரல் பழையபடி மடங்குமா என்பது கட்டைப் பிரித்தால்தான் தெரியும் என்று சொல்லிவிட்டார்கள். திங்கட்கிழமை வந்த அதிகாரி நல்ல மனுஷர். "கட்டுப் பிரிச்சதும் வர்றேன், அப்ப எழுதிக் காட்டுங்க. அதுவரைக்கும் ஆர்டர் நிக்கட்டும்" என்று போனார். கன்னியப்பன் ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்குமாக நடந்துகொண்டே இருந்தார். நான் எழுதுவேன், அவர் நம்பர் சொல்லுவார். நடுநடுவே கட்டுக்கு வெளியே தெரியும் விரல் நுனிகளை அசைத்து அசைத்துப் பார்த்துக்கொள்வார்.

ஒரு நாள் டியூட்டி முடிந்து, அவர் விரல் வீக்கம் பார்க்க வீட்டுக்குப் போனேன். வாசலில் முனியம்மாள் நின்றுகொண்டிருந்தாள். நெல் கட்டோடு வரப்பில் சரிந்தவள். இடது மணிக்கட்டு அதே மாதிரி உப்பியிருந்தது.

"நான் உருவ மாட்டேன். ஆஸ்பத்திரிக்குப் போ" என்றாள் பவளம்.

முனியம்மாள் கன்னியப்பனைக் காட்டிச் சிரித்தாள். "ஆஸ்பத்திரிக்கா? அங்க போயித்தான உன் வூட்டுக்காரரு கைய மொத்தையாக் கட்டிக்கினு நிக்கிறாரு? உன்கிட்டக் காட்டியிருந்தா என்னிக்கோ சரியாப் பூட்டிருக்கும். ஊரே சொல்லுதே!"

பவளம் என்னைப் பார்த்தாள், அவரைப் பார்த்தாள். அவர் வேண்டாம் என்று தலையை ஆட்டினார். ஊர் அப்படி நினைத்துக்கொண்டிருந்தது அவளுக்கு எவ்வளவு சௌகரியம்! பேசாமல் இருந்திருக்கலாம்.

"எங்கிட்டதான் மொதல்ல காட்னாரு" என்றாள். "நான்தான் உருவினேன். வலிக்குது வலிக்குதுன்னு கத்துச்சு அந்த ஆளு, சுளுக்குன்னா அப்படித்தான்னு ரெண்டாந்தபாவும் உருவினேன். என் கையாலதான் அவுரு கை கெட்டுச்சு. போடி, உன் கைய எங்கிட்ட நீட்டாத."

சொல்லிவிட்டு முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். தெருவில் போனவர்களெல்லாம் நின்று பார்த்தார்கள். முனியம்மாள் சிரிப்பு நின்றுபோயிற்று. "ஒண்டியாப் போவ பயமா கீது. நீயும் கூட வாயேன்" என்றாள். பவளம் கண்ணைத் துடைத்துக்கொண்டு, பிள்ளைகளை அவரிடம் விட்டுவிட்டுக் கிளம்பினாள்.

கன்னியப்பனுக்குக் கட்டு பிரித்தார்கள். கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் நன்றாக மடங்கின. மற்ற விரல்கள் உள்ளங்கையைத் தொடாமல் பாதியில் நின்றன. அந்த இரண்டு விரலில் பேனாவைக் கவ்வி அதிகாரி முன்னால் எழுதிக் காட்டினார். எழுத்து கோணல், நம்பர் சரி. ஆர்டர் வந்தது. ஆஸ்பத்திரியில் லட்டு கொடுத்தார்.

அதே வாரம் முனியம்மாளும் கட்டைப் பிரித்துக்கொண்டு எங்கள் மேசைக்கு வந்தாள். அவருக்குச் சாப்பாடு கொண்டுவந்த பவளமும் அங்கேதான் நின்றாள். "பாரு, எப்டி கீதுன்னு!" என்று முனியம்மாள் கையை இறுக்கி மூடிக் காட்டினாள். முழுசாக மூடியது. பவளம் அந்தக் கையையே பார்த்தாள். அப்புறம் கன்னியப்பன் கையைப் பார்த்தாள்.

"இவளத் தொடாம அனுப்புற புத்தி, அன்னிக்கி எனக்கு எங்க போச்சு?" என்றாள்.

கன்னியப்பன் நாற்காலியிலிருந்த துண்டை எடுத்துப் போட்டுவிட்டு, முதல்முறையாக அதில் உட்கார்ந்தார்.

"உனக்கா?" என்றார். "நம்பர் போடறவன் நானு. எனக்கு எங்க போச்சு?"