மச்சான் பிடிக்கிற கயிறு

மனுவேலுக்குக் கடலைவிட மனுஷரிடம்தான் பயம். தோணியில் ஏறிவிட்டால் வாயே திறக்கமாட்டார். சங்கு குளிக்க இறங்குகிறவனின் இடுப்புக் கயிற்றைப் பிடித்துக்கொண்டு தண்ணீரையே பார்த்தபடி உட்கார்ந்திருப்பார். கீழே இருக்கிறவன் கயிற்றை அசைத்ததும் இழுக்க வேண்டும். கொஞ்சம் அசந்தாலும் ஓர் உயிர் போய்விடும்.

அதனால் தூத்துக்குடிப் பரதவர்கள் அந்தக் கயிற்றைக் கண்டவன் கையிலும் கொடுப்பதில்லை. குளிக்கிறவனுடைய மனைவியின் அண்ணனோ தம்பியோதான் பிடிக்க வேண்டும். கூடப்பிறந்தவளைத் தாலியறுக்க விடுவானா எவனாவது? மனுவேல் பிடித்தது, தங்கை அல்போன்சாவின் கணவன் ஜேசுபாதத்தின் கயிறு.

முத்துக்குளிப்பு ஓய்ந்து வருஷக்கணக்காகியிருந்தது. சங்குதான் அவர்களுக்குச் சோறு போட்டது. இரண்டாவது உலக யுத்தம் முடிகிற சமயத்தில் அல்போன்சா வாந்திபேதியில் போய்ச் சேர்ந்தாள். அவளுடைய வருஷப் பூசைகூட வரவில்லை, அதற்குள் ஜேசுபாதம் மணப்பாட்டிலிருந்து ஹில்டாவைக் கட்டிக்கொண்டு வந்துவிட்டான். மனுவேலுக்கு வயிறு எரிந்தது. கல்யாணத்துக்குப் போகவில்லை. அந்தத் தெருப் பக்கம்கூடத் தலைகாட்டாமல் சுற்றிக்கொண்டு போனார்.

சங்குக் காலம் தொடங்கவிருந்த வாரத்தில் மதராஸிலிருந்து படித்தவர் ஒருவர் வந்தார். கடற்கரை மக்களின் பழக்கவழக்கங்களை ஆராய்கிறாராம். நல்ல மனிதர். மணலிலேயே சம்மணம் போட்டு உட்கார்ந்து, கொடுத்த கருப்பட்டிக் காப்பியைக் குடித்தார். கயிற்று வழக்கத்தைக் கேட்டதும் அவருக்கு ஒரே சந்தோஷம். பிறகு சாதாரணமாகத்தான் கேட்டார், "அந்தத் தங்கை இறந்துபோனால் கயிற்றை யார் பிடிப்பார்?"

சுற்றியிருந்த எல்லார் கண்ணும், அங்கே உட்கார்ந்திருந்த மனுவேல் பக்கம் போனது. தோணிக்காரர் வளன்தான் பதில் சொன்னார்.

"புதுசா வார பொண்டாட்டியோட அண்ணன் தம்பி பிடிக்கணும் ஐயா. நம்ம ஜேசுபாதத்துக்குப் பாருங்க, வந்தவளுக்குக் கூடப்பிறந்தவன் ஒருத்தனும் இல்ல. கயிறு பிடிக்க ஆள் இல்லாம எப்படிக் கடலுக்குப் போவான்?"

மனுவேல் வேட்டியை உதறிக்கொண்டு எழுந்து வீட்டுக்கு நடந்தார். உள்ளபடி சொல்வதானால், அவருக்குத் தன் கையைப் பார்த்தே பயமாக இருந்தது. ஜேசுபாதம் அடியில் கிடந்து கயிற்றை அசைக்கும்போது இந்தக் கை கொஞ்சம் யோசித்துவிட்டால்?

மறுநாள் சாயங்காலம் ஹில்டாவே அவர் வாசலில் வந்து நின்றாள். முக்காட்டைச் சரிசெய்துகொண்டு, சுற்றி வளைக்காமல் விஷயத்துக்கு வந்தாள்.

"அண்ணே, மூத்தவ பொறந்த வீடுதான் எனக்கும் இனிப் பொறந்த வீடு. அதானே நம்ம வழக்கம்? கயிறு நீங்கதான் பிடிக்கணும்."

"அவன் அனுப்பினானா?"

"அவரு கேக்க வெக்கப்படுதாரு. நானாத்தான் வந்தேன். என் தாலிக்கு நான் வேற யார்ட்டண்ணே போய் நிப்பேன்?"

மனுவேலுக்கு மறைக்கத் தெரியாது. "ஏளா, எனக்கு அவன் மேல கோவம் இருக்கு" என்றார்.

"இருக்கட்டும். கோவத்தோடயே பிடிங்க."

இப்படிப்பட்டவளிடம் என்னத்தைப் பேசுவது? "சரி, போ" என்றார். உட்காரச் சொல்லக்கூட அவருக்குத் தோன்றவில்லை.

முதல் நாள் கடலில் இருவரும் முகம் பார்த்துக்கொள்ளாமலே கயிற்றைக் கட்டினார்கள். ஜேசுபாதம் நெற்றியிலும் நெஞ்சிலும் குருசு போட்டுக்கொண்டு, அடிக்கு இழுத்துப்போகிற பாரக் கல்லோடு இறங்கினான். மனுவேலின் கையில் கயிறு விறுவிறுவென்று ஓடி நின்றது. குமிழிகள் வந்தன, பிறகு அவையும் இல்லை. இன்னும் நேரம் இருக்கிறது என்று அவருக்கு நன்றாகத் தெரியும். இத்தனை வருஷத்தில் ஒரு தடவைகூட அவசரப்படாத மனுஷர், அன்றைக்குப் பொறுக்க முடியாமல் பேய் பிடித்தவர் மாதிரி இழுத்தார்.

ஜேசுபாதம் வெறுங்கையோடு மேலே வந்தான். "ஏன் மச்சான் இழுத்திய? நான் அசைக்கவே இல்லியே! சங்கு கைக்கு எட்டுத தூரத்துல கெடந்துச்சு" என்று மூச்சு வாங்கக் கத்தினான்.

"பிடிக்கவே மறந்துபோச்சா வே?" என்றார் வளன். தோணியே சிரித்தது.

மனுவேல் பிடித்த கயிற்றை விடாமலே ஜேசுபாதத்திடம் சொன்னார்.

"சங்கு எங்கயும் ஓடிப்போவாது மாப்ள. வீட்ல என் தங்கச்சி உலை வச்சிட்டு உனக்காகக் காத்துக் கெடப்பா."

சொன்ன பிறகுதான், யாரைத் தங்கச்சி என்றோம் என்பது அவருக்கே உறைத்தது. ஜேசுபாதத்துக்கும் உறைத்திருக்க வேண்டும். தோணி விளிம்பைப் பிடித்தபடி, தண்ணீரில் கிடந்தவாறே ஓவென்று அழுதான். அல்போன்சாவை அடக்கம் செய்த அன்றுகூட அவன் அழுது மனுவேல் பார்த்ததில்லை.