டீச்சர் பிரிக்காத நோட்டீஸ்கள்

டீச்சர் என் மேசையில் வைத்தவை ஆறு பதிவுத் தபால் ரசீதுகள். தேதி வாரியாக ஒரு குண்டூசியில் கோத்திருந்தார். எங்கள் பேரூராட்சி அனுப்பிய குடிநீர்க் கட்டண நோட்டீஸ்களை, உறை பிரிக்காமல், திருப்பூருக்குக் குடிபோய்விட்ட பழைய வீட்டுக்காரருக்குத் தன் செலவில் அனுப்பிவைத்ததற்கு அத்தாட்சி. "அவுக பேருக்கு வந்த கடுதாசி சார். அடுத்தவுக கடுதாசிய நான் பிரிக்கலாமா?" என்றார். என் சர்வீஸில் அதுவரை யாரும் அப்படிக் கேட்டதில்லை. திருப்பூரிலிருந்து அவருக்கு ஒரு கார்டுகூடப் பதில் வரவில்லை.

அருப்புக்கோட்டைக்கும் திருச்சுழிக்கும் இடையில் ஒரு சின்ன ஊர், எண்பதுகளின் பிற்பகுதி. அங்கே வீடு வாங்குகிறவர்கள் முதலில் தண்ணீரைக் குடித்துப் பார்ப்பார்கள். கிணறெல்லாம் உப்பு, குழாய் இருந்தால் வீட்டுக்கு விலையே வேறு. டீச்சரும் தண்ணீர் விடும் நாளாகப் பார்த்துப் போய், ஒரு தம்ளர் குடித்துத் திருப்தியடைந்தார். மூலப்பத்திரம் பார்த்தார், வில்லங்கச் சான்றிதழ் பார்த்தார். குடிநீர்க் கட்டண ரசீதைக் கேட்கவில்லை. வில்லங்கச் சான்றிதழில் குழாய்ப் பாக்கி வராது என்பது, குழாயை வெட்ட ஆள் வரும்போதுதான் பலருக்குத் தெரியும். குடிவந்த நாள்முதல் அவர் மாதக் கட்டணத்தை ஒழுங்காகக் கட்டினார். வசூலுக்குப் போனவர் அதை வாங்கிக்கொண்டு வந்தார். பழைய பாக்கியைப் பற்றிப் பேசுவது அவர் வேலையில்லை.

பழைய வீட்டுக்காரர் ஐந்து வருடம் கட்டாமல் விட்ட பாக்கி ஆளோடு போகாது, வீட்டோடு நிற்கும் என்று விளக்கினேன். விற்றவரிடம் திரும்ப வாங்குவது வாங்கியவர் பாடு.

"அப்ப அந்த அஞ்சு வருசத் தண்ணிய வீடா சார் குடிச்சது?"

"விதிப்படி ஆமா, டீச்சர்."

வெள்ளிக்கிழமை இணைப்பைத் துண்டிக்க உத்தரவு தயாராகியிருந்தது; அது காதில் விழுந்துதான் டீச்சர் வந்திருந்தார். வறட்சியை முன்னிட்டுப் புதிய இணைப்பும் மறு இணைப்பும் நிறுத்தப்பட்டிருந்த காலம். வெட்டினால் எத்தனை வருடமோ, முட்டி வலியோடு அவர் தெருக்குழாய் வரிசையில் நிற்க வேண்டும். குழாய் பிட்டர் என்னிடம் வந்து, "எம் மகனுக்குப் பாடம் சொல்லிக் குடுத்த டீச்சர் சார். வேற ஆள அனுப்புங்க" என்றார். பேரூராட்சியில் இருந்ததே ஒரு பிட்டர்தான். "அப்ப எனக்கு வெள்ளிக்கிழம காய்ச்சல் சார்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

உத்தரவை அனுப்புமுன் வீட்டு வரிப் பதிவேட்டை எடுத்துப் பார்த்தேன். அது பக்கத்து மேசையில், கை நீட்டினால் எட்டும் தூரத்தில் இருந்தது. அதில் அந்த வீடு டீச்சர் பெயருக்கு மாறி மூன்று வருடமாகியிருந்தது. குடிநீர்ப் பதிவேட்டில் நான் மாற்றவில்லை. மாற்றச் சொல்லி யாரும் எழுதித் தரவில்லை. ஆக, ஊரிலேயே இல்லாத ஒருவருக்கு ஆறு நோட்டீஸ் அனுப்பியிருந்தேன். வீட்டின் உரிமையாளருக்கு ஒன்றுகூட அனுப்பவில்லை. நோட்டீஸ் கொடுக்காமல் துண்டிக்க முடியாது என்று குறிப்பு எழுதி வைத்தேன்.

செயல் அலுவலர் படித்துவிட்டு, "ஏன்யா, இது உம்ம தலையிலதான் விடியும், தெரியும்ல?" என்றார்.

"தெரியும் சார்."

கையெழுத்துப் போட்டார். எனக்கு ஒரு மெமோவும் போட்டார். முறைதான்.

புதிய நோட்டீஸை டீச்சர் அலுவலகத்துக்கு வந்து வாங்கிக்கொண்டார். மேலே தன் பெயரைப் பார்த்த பிறகே உறையைப் பிரித்தார். கடைசி வரி வரை நின்றபடியே படித்து, மடித்துக் கைப்பையில் வைத்தார். "இது எனக்கு வந்தது. கட்டிருறேன். தவணை குடுப்பீகளா சார்?"

தவணைக்கு விதி உண்டு. பன்னிரண்டு மாதம் வரை தரலாம். அவர் முதல்முறை வந்த அன்றே அதைச் சொல்லியிருக்கலாம். இப்போது வீடு வாங்கப் போகிறவர்கள் யாரைப் பார்த்தாலும், கேட்காமலே எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறேன். அன்று அவர் கேட்கவில்லை. கேட்காததைச் சொல்லும் வழக்கம் எங்கள் அலுவலகத்தில் இல்லை, எனக்கும் இல்லை.