மாப்பிள்ளையின் மெத்தைக் கடை

அந்த வங்கியின் காவலாளிக்கு ஊழியர்கள் வைத்த பெயர் ‘எக்ஸ்ரே’. பேனா கேட்டு வருபவனைக்கூட மேலும் கீழும் பார்ப்பார். வீட்டில் பால்காரரும் தப்பியதில்லை. அப்பேர்ப்பட்ட மனுஷன் சந்தேகப்படாத ஒரே ஆள் மாப்பிள்ளை. அவரைக் குடைந்து கேட்டால், அங்கே வாழப்போன மகளுக்கல்லவா சோறு இறங்காது!

வங்கியை ஒட்டிய காலிக் கடையை மெத்தை வியாபாரத்துக்கென்று மாப்பிள்ளை கேட்டபோது, பேசி முடித்துக் கொடுத்ததே இவர்தான். கொஞ்ச நாளில் பெட்டக அறையின் அலாரம் அலற ஆரம்பித்தது. திறந்து பார்த்தால் ஒன்றுமில்லை. மறுபடி அலறல், மறுபடி ஒன்றுமில்லை.

“எலியா இருக்கும்யா. காது கிழியுது, அணைச்சுத் தொலை,” என்றார் மேலாளர்.

“எலிக்கு ஏது சார் இவ்ளோ தெம்பு? யாரோ கீழேருந்து தட்டுறாங்க.”

“உனக்கு உன் நிழல் மேலயே சந்தேகம்!” எல்லோரும் சிரித்தார்கள். வேறு வழியில்லாமல் அணைத்தார்.

அன்று சாயங்காலம் மாப்பிள்ளை வண்டியில் தலையணை ஏற்றிக்கொண்டிருந்தார். “சத்தம் நின்னுடுச்சு போல, மாமா?”

“அணைக்கச் சொல்லிட்டாங்க மாப்ள.” கைகொடுக்கப் போனவருக்கு ஒரு தலையணையிலேயே முதுகு பிடித்துக்கொண்டது. “என்ன, இந்தக் கனம் கனக்குது?”

“பஞ்சு ஈரம் மாமா. காய வைக்கக் கொண்டுபோறேன்.”

உறையின் தையலில் மண் ஒட்டியிருந்தது. பார்த்தார். கேள்வி தொண்டை வரை வந்தது. விழுங்கிவிட்டு அடுத்த தலையணையைத் தூக்கினார்.

தொடர் விடுமுறை முடிந்து பெட்டக அறையைத் திறந்தால், தரையில் ஆள் நுழையும் ஓட்டை. பெட்டிகளெல்லாம் காலி. சுரங்கம் மெத்தைக் கடையில் போய் முடிந்தது. அலாரம் அணையட்டும் என்றுதான் தட்டித் தட்டிப் பார்த்திருக்கிறார்கள். தோண்டிய மண்ணைத் தலையணைக்குள் அடைத்து அனுப்பியிருக்கிறார்கள். அதைச் சுமந்தவர் சாட்சாத் இவரேதான்! மகளுக்குப் போன் போட்டு, மாப்பிள்ளை எங்கே என்று கேட்டார்.

“அவரு வெளியூர் போயிருக்காருப்பா. இன்னைக்கு சாயங்காலம் வந்து என்னையும் குழந்தையையும் கூட்டிட்டுப் போறேன்னாரு. பெட்டிகூடக் கட்டிட்டேன். ஏன்பா, அவரையுமா சந்தேகப்படுறீங்க?”

போனை வைத்துவிட்டுப் போலீஸாரிடம் எல்லாவற்றையும் சொன்னார், தான் தூக்கிவிட்ட தலையணை உட்பட.

சாயங்காலம் மகள் வீட்டு வாசலில் உட்கார்ந்திருந்தார். தெருமுனையில் சாதாரண உடையில் இரண்டு போலீஸ்காரர்கள். விஷயம் தெரிந்ததிலிருந்து மகள் இவர் முகத்தைப் பார்க்கவில்லை. ஆனால் கட்டிய பெட்டியைப் பிரிக்கவும் இல்லை. குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு தெருவையே பார்த்திருந்தாள். மாப்பிள்ளை வந்தால் ஜெயில். வராவிட்டால், பெற்ற பிள்ளையையும் இவளையும் நட்டாற்றில் விட்டுவிட்டான் என்று அர்த்தம்.

இருட்டத் தொடங்கியது. அவர் தெருமுனையை எட்டிப் பார்த்தார்.

“வந்துடுடா, படுபாவி,” என்று முணுமுணுத்தார்.