கம்பத்துத் தண்ணீர் திம்பு போன கதை

மாரியம்மன் நோம்பித் திருவிழாவுக்குக் கோயில் முன் கம்பம் நட்ட அன்று மாலைதான் கீதாஞ்சலியின் போனுக்கு அந்தச் செய்தி வந்தது. தெற்காசியப் பதினேழு வயதுக்குட்பட்ட பெண்கள் கால்பந்துப் போட்டிக்கான இந்திய அணியில் அவள் பெயர் இருந்தது. இடதுபக்கத் தடுப்பாட்டக்காரி. ஞாயிற்றுக்கிழமை பெங்களூர் முகாமுக்கு வந்துவிட வேண்டும். அங்கிருந்து பூடானின் திம்பு. வராவிட்டால் அடுத்த பெண் தயாராக இருக்கிறாள்.

அவள் அம்மா மயிலாள் செய்தியை மறுபடி படிக்கச் சொல்லிக் கேட்டாள். பிறகு கோயில் பக்கம் திரும்பிப் பார்த்தாள்.

குன்னத்தூருக்குக் கிழக்கே இருக்கும் அந்த ஊரில் ஒரு கட்டுப்பாடு உண்டு. மூன்று கிளையுள்ள கம்பத்தை நட்டுவிட்டால், அதைப் பிடுங்கும் வரை ஊர்க்காரர் யாரும் எல்லைக்கு வெளியே இரவு தங்கக் கூடாது. திருப்பூர் வேலைக்குப் போகலாம், கல்லூரிக்குப் போகலாம். படுக்க ஊருக்குள் வந்துவிட வேண்டும். மீறினால் அம்மன் கோபம் ஊர் மேல் அம்மையாக இறங்கும் என்பார்கள். கம்பம் பிடுங்க இன்னும் இரண்டு வாரம் இருந்தது.

“கம்பம் பிடுங்கற வரைக்கும் பொறுத்துக்கச் சொல்லு புள்ள,” என்றான் கணவன் நல்லான்.

“ஆரைப் பொறுத்துக்கச் சொல்ல? பூடான்காரங்களையா?”

நல்லான் துண்டை உதறிக்கொண்டு வெளியே போய்விட்டான். சாயப்பட்டறையில் மூட்டை தூக்குகிறவன். சண்டை என்றால் அவனுக்கு ஆகாது. மயிலாளுக்கு ஆகும். மகள் டவுசர் போட்டு ஆடுகிறாள் என்று கொழுந்தன் குதித்தபோது அவள் சொன்ன பதில் ஊரில் இன்னும் பேச்சு. “கம்பெனியில நாந் தைக்கறதே டவுசருதானுங்க. வெள்ளைக்காரப் புள்ள போட்டா அது எக்ஸ்போர்ட்டு, எம்புள்ள போட்டா மானக்கேடுங்களா?”

அந்தக் கம்பெனி ஈஸ்வரமூர்த்தியுடையது. திருப்பூரில் அவர் பனியன் கம்பெனி முதலாளி. ஊரில் கோயில் கமிட்டித் தலைவர். பல வருடமாக அவரிடம்தான் மயிலாள் ஓவர்லாக் தையல் மெஷின் ஓட்டினாள். மறுநாள் காலை, பெண்கள் குடம் குடமாக மஞ்சள் தண்ணீரும் வேப்பிலையும் கம்பத்துக்கு ஊற்றிக்கொண்டிருக்கும்போது, தன் குடத்தோடு அவரிடம் போய் நின்றாள்.

“புள்ளயப் பெங்களூருக்கு அனுப்பறனுங்க. உங்ககிட்டச் சொல்லீட்டுப் போலாம்னு வந்தனுங்க.”

“நல்ல விசயந்தான் அம்மணி. ஆனா கம்பம் நிக்குதே. நோம்பி முடியட்டும்.”

“முடிஞ்சா அங்க மேட்ச்சும் முடிஞ்சிருமுங்க.”

“அடுத்த வருசம் ஆடட்டும்.”

“அடுத்த வருசம் வயசு தாண்டீருமுங்க.”

ஈஸ்வரமூர்த்தி கெட்ட மனிதர் இல்லை. சின்ன வயதில் அம்மை கண்டு அவருடைய தங்கை இறந்து போயிருந்தாள். அந்தப் பயம் உண்மையானது. “ஊருக்கு ஒண்ணு ஆச்சுன்னா நீ பதில் சொல்லுவியா?” என்றார்.

மயிலாள் குடத்தைக் கீழே வைத்தாள்.

“போன வருசம் கம்பம் நிக்கறப்ப, ஷிப்மென்ட்டுன்னு எங்களையெல்லாம் கம்பெனியிலயே தங்க வெச்சீங்களே. அப்ப இந்தக் கம்பத்துத் தண்ணிய ஒரு கேன்ல புடிச்சாந்து கம்பெனி கேட்டுல தெளிச்சீங்க. ‘இனி இதும் நம்மூரு எல்லைதான், பயமில்லாம படுங்க’ன்னு சொன்னீங்க. ஊருக்கு ஒண்ணும் ஆகலீங்களே.”

தண்ணீர் ஊற்றிய கைகள் அப்படியே நின்றன. அங்கே இருந்தவர்களில் பாதிப் பேர் அந்த இரவுகளில் கட்டிங் டேபிளுக்கு அடியில் படுத்தவர்கள்.

“அது தொழிலு. பல குடும்பத்துச் சோறு. இது வெளையாட்டு.”

“வெளையாட்டுத்தானுங்க. உங்களுக்குக் கண்டெய்னரு போகோணும். எனக்கு எம்புள்ள போகோணும். அதே தண்ணிதானுங்க, நானும் கொஞ்சம் எடுத்துக்கறன்.”

சொல்லிவிட்டு, கீதாஞ்சலி மைதானத்துக்குக் கொண்டுபோகும் பிளாஸ்டிக் பாட்டிலை இடுப்பிலிருந்து எடுத்தாள். கம்பத்தில் வழிந்த தண்ணீரை அதில் பிடித்தாள். அவசரமே படவில்லை. ஒரு வேப்பிலை உள்ளே விழுந்தது. அதை எடுக்காமலே மூடினாள்.

ஈஸ்வரமூர்த்தியின் முகம் சிவந்துவிட்டது. “கம்பெனிப் பக்கம் இனி வராத. மாவிளக்கு அன்னைக்கு உன்ற தட்டு இங்க எறங்காது, பாத்துக்க.”

“சரீங்க,” என்றாள் மயிலாள்.

முதல் மிரட்டல் அரை நாள்கூடத் தாங்கவில்லை. ‘ஓவர்லாக் டைலர் தேவை’ என்ற பலகை தொங்காத தெரு திருப்பூரில் எங்கே இருக்கிறது? காலை டீக்கு முன்பே அவள் வேறொரு கம்பெனியில் மெஷினில் உட்கார்ந்திருந்தாள். இரண்டாவது மிரட்டல்தான் அவளைத் தின்றது. மாவிளக்குத் தட்டைத் திருப்பி அனுப்பினால் அந்த வீட்டை ஊர் தள்ளி வைத்ததாக அர்த்தம். நல்லான் இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. ஆனாலும் ஞாயிறு பஸ்ஸுக்கு அந்தப் பாட்டில் வைத்த மகளின் பையைத் தூக்கிக்கொண்டு முன்னால் நடந்தவன் அவன்தான்.

மாவிளக்கு நாள் பிற்பகல், திம்புவில் இந்தியாவும் நேபாளமும் மோதின. இங்கே பெண்கள் தட்டோடு வரிசையில் நின்றார்கள். மயிலாளுக்குப் பின்னால் நின்ற பெரியாத்தாள், பழைய கம்பெனியில் அவளுக்குப் பக்கத்து மெஷின்காரி, போனைத் தன் தட்டில் வெற்றிலைக்கு மேல் சாய்த்து வைத்திருந்தாள்.

“ஏ மயிலா, உம்புள்ள பந்தைக் கோட்டுக்கிட்டயே தடுத்துப்போட்டா! கோலு இல்ல! ஒண்ணுக்கு ஒண்ணு!”

மயிலாள் திரும்பவில்லை. அவள் முறை வந்துவிட்டது. பூசாரி கையை நீட்டினார்.

“அந்தத் தட்டை வாங்காதீங்க,” என்றார் ஈஸ்வரமூர்த்தி.

மயிலாள் நகரவில்லை. தட்டை இறக்கவும் இல்லை. விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

“அப்ப எம்பட தட்டையும் வாங்காதீங்க,” என்றாள் பெரியாத்தாள். “நானும் போன வருசம் வெளிய தங்குனவதான்.”

“நானுந்தானுங்க,” என்றது பின்னால் ஒரு குரல். அதற்குப் பின்னால் இன்னொன்று. வரிசை முன்னே வரவும் இல்லை, கலையவும் இல்லை.

பூசாரி தலைவரைப் பார்த்தார். “பொழுது எறங்குதுங்க. இத்தன தட்டையும் உட்டுட்டு நான் ஆருக்குப் பூசை பண்றது?”

ஈஸ்வரமூர்த்தி கம்பத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். பிறகு வாங்கச் சொல்லித் தலையை அசைத்தார். மயிலாள் கும்பிட்டது அம்மனை மட்டும்.

கடைசி நிமிடத்தில் நேபாளம் இன்னொரு கோல் போட்டது. இந்தியா தோற்றது.

“பாத்தியா, எல்லை தாண்டுன பலன்,” என்றார் கூட்டத்தில் ஒருவர்.

“நேபாளத்துப் புள்ளைகளுந்தானுங்க ஊடு வாசலை உட்டுட்டு வந்து ஆடுது. அதுக செயிச்சிருச்சே,” என்றாள் மயிலாள். பூசாரியே சிரித்துவிட்டார்.

இருட்டுவதற்குள் போன் வந்தது. கீதாஞ்சலிதான். “தோத்துட்டோம்மா. ரெண்டாவது கோலு என்ற பக்கத்துலதான் வந்துச்சு.”

“இன்னும் மேட்ச் இருக்குதா?”

“ரெண்டு இருக்குது.”

“உன்னைய எறக்குவாங்களா?”

“எறக்குவாங்க.”

“பாட்டல்ல தண்ணி இருக்குதா?”

“பாதி இருக்குதும்மா.”

“அது போதும் கண்ணு. உன்ற பக்கம் தெளிச்சுட்டு எறங்கு. அதும் நம்மூருதான்.”