ஊதாக் கொம்பு வாடகைக்கு

ஒரு படம் நின்றதா விழுந்ததா என்று நாடக டிரெஸ் வாடகைக்கு விடுகிறவனுக்கு யாரும் சொல்லத் தேவையில்லை. திரும்பி வரும் துணியின் வேர்வையே சொல்லிவிடும். ஆண்டு விழா சீசனில் வேஷத்துக்கு அலைந்த பெற்றோர்களே, மஞ்சக்குப்பத்துக் கடைக்காரன் என் பாடு உங்களுக்குப் புரியும்.

ஊதாக் கொம்பு முளைத்த ராட்சசப் பெண் மனிதர்களின் பள்ளியில் சேரும் பாட்டுப் படம் ஒன்று டப்பிங்கில் வந்தது. முதல் பாகத்தில் கொம்பை அராவிவிட்டு, வெள்ளை கவுன் போட்டு நல்ல பெண்ணாகிவிடுவாள். இரண்டாம் பாகத்தில் கொம்பு மறுபடி முளைக்கும், மறைக்காமல் ஆடுவாள். இன்றைக்கும் பிள்ளைகள் கேட்பது இரண்டாம் பாகத்து வேஷத்தைத்தான். வெள்ளை கவுன்கள் மடிப்புக் கலையாமல் பீரோவில் கிடக்கின்றன.

எமனும் ஆடினான்

கிராக்கி ஜாஸ்தியானபோது எமதர்மன் கிரீடத்துக் கொம்புக்கும் ஊதா பெயிண்ட் அடித்துவிட்டேன். அடித்ததை மறந்து, சிதம்பரத்தில் ஒரு பள்ளி நாடகத்துக்கு அதையே எமன் வேஷத்தோடு அனுப்பினேன். மறுநாள் டீச்சரம்மா போன் செய்தார். திட்டப்போகிறார் என்று பயந்துகொண்டேதான் எடுத்தேன்.

“அண்ணா, எமன் வந்து நின்னதும் புள்ளைங்க எல்லாம் அந்த ரெண்டாம் பாகத்துப் பாட்ட ஆரம்பிச்சிட்டாங்க. எமனும் ஆடிட்டான்.”

வெள்ளை கவுன்

போன வருஷம் குடிகாட்டிலிருந்து ஒரு அம்மா, எட்டாவது படிக்கும் மகள் ஷீலாவோடு வந்தார். பள்ளி ஆண்டு விழாவில் அந்தப் படப் பாட்டுக்கு நடுவில் நின்று ஆடப்போகிறவள் ஷீலாதான். அவளுக்குக் கொம்பு வேண்டும்; அம்மா எடுத்ததோ வெள்ளை கவுன். ஊருக்குப் பக்கத்தில் கெமிக்கல் ஃபேக்டரிகள் இருப்பதால், ஸ்கூல் பஸ்ஸில் இவள் ஏறினாலே பிள்ளைகள் மூக்கைப் பொத்துகிறார்களாம். தினமும் பவுடரைக் கொட்டித்தான் அனுப்புகிறார். இந்த லட்சணத்தில் கொம்பு வேறா என்று அவருக்குக் கவலை.

கொம்பு இல்லாவிட்டால் ஆடவே போவதில்லை என்று ஷீலா சுவரைப் பார்த்து நின்றுவிட்டாள். எனக்குப் பாவமாக இருந்தது. அந்த இரண்டாம் பாகத்தில் அப்படி என்னதான் இருக்கிறது என்று கேட்டேன்.

“மொத பாகத்துல அவ பவுடர் போட்டுக்குறா மாமா. ரெண்டாவதுல போடல. அவ்ளோதான்.”

திரும்பி வந்தது

அந்த அம்மா கவுனை மடித்து வைத்துவிட்டு, கொம்பைக் கையில் எடுத்துக்கொண்டார். விழா முடிந்து திருப்பித் தரவும் அவரே வந்தார். பஸ்ஸில் இப்போது எப்படி என்று விசாரித்தேன்.

“இன்னமும் ரெண்டு பேரு மூக்கப் பொத்துறாங்க சார். இவ அவுங்க எதிர்லயே போய் நின்னு பாடுறா.”

துடைத்து வைக்கலாம் என்று கொம்பை எடுத்தால் தலையில் மாட்டும் பட்டையெல்லாம் வேர்வை, மருந்துக்கும் பவுடர் வாசனை இல்லை. இந்தப் படம் இன்னும் ஓடும்.