முதலில் சிரித்தவன்

கிளிஃபர்ட் எனக்கு மைக்செட் வாடகை பன்னிரண்டாயிரம் ரூபாய் தரவேண்டியிருந்தது. நான் மூன்றாவதுதான் படித்தேன். ஆனாலும் அல்சூரில் என் ஸ்பீக்கர் பாடாத கல்யாணம் கிடையாது. ரிசப்ஷன்களில் ஜோக் சொல்லிப் பிழைத்த கிளிஃபர்ட்டுக்கு, ஸ்பீக்கருக்குப் பின்னாலிருந்து முதல் ஆளாகச் சிரித்துக் கூட்டத்தைக் கிளப்பியதும் நான்தான். அப்படிச் சிரிக்க இந்த ஊரில் வேறு ஆள் இல்லை.

திடீரென்று மேடையை விட்டுவிட்டு டாகுமெண்டரி எடுக்கப் போனான்.

"சிரிக்க வெச்சு வெச்சு அலுத்துப்போச்சுண்ணா."

"என் வாடகை?"

"படம் முடிஞ்சதும் தரேன்."

மூன்று வருஷம் கழித்து ஒரு சின்ன ஹாலில் படத்தைப் போட்டான். கல்யாணம் முடிந்த மண்டபங்களின் காலி நாற்காலிகள்தான் படம். பேச்சே இல்லை. நடுநடுவே ஒரு சிரிப்பு மட்டும் கேட்டது. பழைய ரெக்கார்டிங்கிலிருந்து எடுத்த என் சிரிப்பு. தனியாகக் கேட்டால், எப்போது வீட்டுக்குப் போவோம் என்று காத்துக் கிடப்பவனின் சத்தம் அது.

பாதியிலேயே பாதிப் பேர் எழுந்து போய்விட்டார்கள்.

"எப்டிண்ணா இருக்கு?"

"எவன்டா இதுக்குக் காசு போட்டான்?"

"நான்தான். கடைசியா போன வாரம் ஸ்கூட்டரையும் வித்துட்டேன். அதுல மிச்சம்தான் உங்க வாடகை."

வேண்டாம் என்று சொல்ல வாயெடுத்தேன். சொன்னால், படம் தோற்றுவிட்டது என்று நானே அவனிடம் சொன்னதாகிவிடும்.

"பாக்கியில்லாம எண்ணிக் குடுறா," என்று கையை விரித்தேன். ஐந்நூறு ரூபாய்த் தாள்களை ஒவ்வொன்றாக என் உள்ளங்கையில் எண்ணி வைத்தான்.