மூலை வீட்டு வாசலில் நின்ற ஆடு

எனக்கு எழுபத்து மூன்று வயது முடிந்துவிட்டது. ஐந்து பிள்ளைகளை வளர்த்து ஆளாக்கினேன். மூன்று என் வயிற்றில் பிறந்தவை, இரண்டு என் ஓரகத்தி விட்டுப்போனவை, ஐந்தும் இன்று சொந்தக் காலில் நிற்கின்றன. பள்ளிக்கூடத்தில் நான் உட்கார்ந்தது ஒரு வருஷம்கூட இருக்காது. பிள்ளைகளின் சிலேட்டைப் பார்த்துப் பார்த்துத்தான் எழுத்துக் கூட்டினேன், ஆனாலும் பஸ் போர்டைப் படித்துச் சொல்லுங்கள் என்று யாரிடமும் போய் நின்றதில்லை. பெருமைக்காகத்தான் சொல்கிறேன், அது என் கூடவே பிறந்தது. ஒன்பது வயதில் அந்தப் பெருமை செய்த ஒரு காரியத்தை எழுதத்தான் இப்போது உட்கார்ந்திருக்கிறேன்.

மேற்குத் தாம்பரத்தில், ஏரிக்கரையை ஒட்டிய எங்கள் தெருவில், அந்தக் காலத்தில் உச்சி வேளை என்பது காதால் தெரியும். தூரத்து மலைக் குவாரியில் வேட்டு வைப்பார்கள். தரை ஒரு தடவை உள்ளங்காலில் இடிக்கும், அடுக்கியிருக்கும் அலுமினியப் பாத்திரங்கள் ஒன்றோடொன்று முணுமுணுக்கும், புளியமரத்துக் காக்கைகள் மொத்தமாக எழும்பிவிட்டு மறுபடி உட்காரும், அதற்குப் பிறகு ஒரு நிசப்தம் வரும் பாருங்கள், நம் மூச்சை நாமே வேறு யாருடையதோ என்று திரும்பிப் பார்க்கிற மாதிரி இருக்கும். அந்த நிசப்தத்துக்குள்ளிருந்துதான் மணிச் சத்தம் வரும். உடைந்த சைக்கிள் பெல்லின் மூடியை ஆணி கட்டித் தொங்கவிட்ட மணி, இழுத்தாற்போல் ஒரு தரம், பிறகு ரொம்ப நேரம் கழித்து இன்னொரு தரம்.

அது கன்னியம்மாவின் ஆடு. கறுத்த ஆடு, இடது காது மட்டும் வெளுப்பு. கன்னியம்மா ரயில் பாதைக்கு அந்தப் பக்கம் குடிசை போட்டிருந்தவள். காலையெல்லாம் தண்டவாளத்து ஓரம் மேய்த்துவிட்டு, உச்சிக்குத் தெருவுக்குள் வந்து, கேட்ட வீட்டு வாசலில் ஆட்டை நிறுத்தி, அந்த வீட்டுச் சொம்பிலேயே கறந்து கொடுத்துவிட்டுப் போவாள். உயரமான பெண்பிள்ளை, பேச்சு குறைவு. கறக்கும்போது ஆட்டின் வெளுத்த காதைக் கன்னத்தோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு மெல்லப் பேசுவாள். ஆடும் ஏதோ கேட்டுக்கொள்வதுபோல் அசையாமல் நிற்கும்.

என் அம்மா குவாரியில் கல் உடைத்தாள், அப்பா ரயில் பாதையில் கேங் வேலை. மூன்று வயதுத் தம்பி துரையைப் பார்த்துக்கொள்வதற்காக என்னைப் பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்தியிருந்தார்கள். தெருப் பிள்ளைகள் வாய்ப்பாடு ஒப்பித்துக்கொண்டு போகும்போது எனக்கு வயிறு எரியும். புத்தகத்தில் இல்லாத எதையாவது நான் தெரிந்துவைத்துக்கொள்ள வேண்டும் என்று ஒரு வீம்பு. அதனால் வாசற்படியில் தம்பியை இடுப்பில் வைத்துக்கொண்டு, தெருவில் எது எதற்குப் பிறகு நடக்கிறது என்று பார்த்துக்கொண்டே இருப்பேன்.

அந்த வருஷத்துக் கோடையில், லைன்மேன் வீட்டு வாசலில் ஆடு நின்றது. நாலாம் நாள் அந்த வீட்டுக் கிழவர் போய்விட்டார். பிறகு தையல்காரர் வீட்டு வாசலில் நின்றது; ஒரு வாரத்தில் தையல்காரரின் சம்சாரம் போய்விட்டாள். மூன்றாவதாக டீச்சரம்மா வீட்டு கேட்டருகில் ஆடு நின்றபோது, தெருக்குழாயில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்த பெண்களிடம் நான், யாரும் கேட்காமலே, "அடுத்தது டீச்சரம்மா வூடுதான்" என்று சொன்னேன். சிரித்தார்கள். எதிர்வீட்டுப் பெரியம்மா மட்டும் சிரிக்கவில்லை. ஆறாம் நாள் டீச்சரம்மாவின் தாயாரைச் சர்ச்சுக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள்.

அன்று மாலை பெரியம்மா என்னைக் கூப்பிட்டு, மடியிலிருந்து வேர்க்கடலையும் வெல்லமும் எடுத்துக் கொடுத்தாள்.

"ஏண்டி வசந்தா, உனுக்கு எப்டிடி தெரிஞ்சுது?"

"ஆடு நின்னா ஆளு போவும் பெரிம்மா. நான் பாத்துகினேதான கீறேன்."

"பொட்டு மாதிரி கீது, இன்னா கண்ணு பாரேன் இதுக்கு," என்றாள் பக்கத்தில் இருந்தவளிடம். அந்த ஒரு வார்த்தைக்காக நான் என்ன வேண்டுமானாலும் செய்திருப்பேன்.

அதற்குப் பிறகு உச்சி வேட்டு ஓய்ந்ததும், கதவிடுக்கில் எல்லாம் கண் தெரியும். மணி எந்தப் பக்கம் கேட்கிறது, எந்த வாசலில் நிற்கிறது என்று என்னிடம்தான் வந்து கேட்பார்கள். பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகள்கூட என்னைக் கண்டால் ஒதுங்கி வழிவிட்டார்கள். எனக்கு அது பயமாகவும் இருந்தது, ருசியாகவும் இருந்தது.

ஆடு ஏன் அந்த வீடுகளுக்குப் போயிற்று என்று நான் யோசிக்கவில்லை. பசும்பால் தங்காத அளவுக்கு உடம்பு விழுந்தவர்களுக்கு வைத்தியர் ஆட்டுப்பால் கொடுக்கச் சொல்வார். வீட்டுக்காரர்களே ஆள் அனுப்பிக் கன்னியம்மாவைக் கூப்பிடுவார்கள். சாகக் கிடந்தவர்களைத் தேடி ஆடு வந்ததே தவிர, ஆடு வந்ததால் யாரும் சாகக் கிடக்கவில்லை. இது இவ்வளவு சின்ன விஷயம். ஆனால் முன்னால் வருவதுதான் பின்னால் வருவதைச் செய்கிறது என்று ஒரு தடவை மனசு பிடித்துக்கொண்டால், அதன் பிடியை விடுவிப்பது உடும்பைச் சுவரிலிருந்து பிய்ப்பதுபோல.

இன்னொன்றும் உண்டு. தெருக்கோடியில் மூலை வீடு, சரசு அக்காவின் வீடு. பத்தொன்பது வயது அக்காவுக்குத் தலைப் பிரசவம், பால் வற்றிவிட்டது. அந்தப் பாப்பாவுக்குக் கன்னியம்மாதான் நாலு மாதமாகத் தினமும் கறந்து ஊற்றினாள். அந்த வாசலில் ஆடு நிற்காத நாள் இல்லை. அந்த வீட்டில் ஒருவரும் சாகவில்லை. பாப்பா கன்னம் உப்பி, என்னைக் கண்டால் கையை நீட்டும். தினமும் பார்த்ததாலேயோ என்னவோ, நான் அதை எண்ணவே இல்லை. ஆடு நின்று செத்த வீடுகளைத்தான் விரல் மடக்கினேன். நின்றும் பிழைத்த வீட்டுக்கு ஒரு விரலை மடக்கத் தோன்றவில்லை.

ஐப்பசி மழையில் துரைக்கு வயிற்றோட்டமும் காய்ச்சலும் வந்தது. கண் உள்ளே போய், தோலைக் கிள்ளினால் கிள்ளின இடத்திலேயே நின்றது. அம்மா கூலியை விட முடியாமல் வேலைக்குப் போகும்போது, "கன்னியம்மாகிட்ட சொல்லிட்டேன், பாலைக் காய்ச்சி தம்பிக்குக் குடுத்துடு" என்று சொல்லிவிட்டுப் போனாள். அன்று வேட்டுச் சத்தம் அடங்கியதும் மணி நேராக எங்கள் வீட்டைப் பார்த்து வந்தது. கதவைச் சாத்திக்கொண்டு தம்பியை மூடி உட்கார்ந்திருந்தேன். மணி வாசலில் நின்றது. ஆடு செருமுவது தெரிந்தது. "பாப்பா, சொம்பு எடுத்தா" என்ற குரல். கொடுக்காவிட்டால் அம்மாவுக்குத் தெரிந்துவிடும் என்று, கதவிடுக்கு வழியாகச் சொம்பை நீட்டி, நுரையோடு சூடாக வாங்கி, அவள் போன பிறகு முருங்கை மரத்தடியில் கொட்டினேன். தம்பிக்கு உப்புப் போட்ட கஞ்சித் தண்ணீரை ஊற்றினேன். ஐந்து நாள் அப்படியே. முருங்கை மரத்தடி மண் வெளுத்து, ஈ மொய்த்து, புளித்த வாசனை அடித்தது. ஆறாம் நாள் துரை எழுந்து உட்கார்ந்து சோறு கேட்டான்.

இதைவிடப் பெரிய சாட்சி என்ன வேண்டும்? பெரியம்மாவிடம் ஓடிப்போய்ச் சொன்னேன், ஆடு நின்றது, பாலைக் கொட்டினேன், தம்பி பிழைத்தான் என்று. மறுநாள் உச்சியில் கன்னியம்மா தெருமுனையில் திரும்பும்போது ஏழெட்டுப் பெண்கள் வழிமறித்து நின்றார்கள்.

"இங்க இனிமே வராத தாயே," என்றாள் பெரியம்மா. "உன் ஆடு நிக்கிற வூடெல்லாம் பாடை கட்டிகினு கீது."

"கூப்ட்ட வூட்டுக்குத்தான வரேன்," என்றாள் கன்னியம்மா. "கூப்டாத வாசல்ல எப்பனா நின்னுக்கீதா, சொல்லு."

"அதெல்லாம் எங்களுக்குத் தெரியாது. இந்தப் பொண்ணுக்குத் தெரியும்."

கன்னியம்மா என்னைப் பார்த்தாள். கோபம் இல்லை. குனிந்து, பால் கறக்கும்போது ஆட்டின் காதருகே பேசுவாளே, அந்தக் குரலில் கேட்டாள்:

"நீ சொல்லு பாப்பா. மூலை வூட்டு வாசல்ல என் ஆடு எத்தினி நாளா நிக்குது?"

அந்த நொடியில் எனக்குத் தெரிந்துவிட்டது. மடக்காமல் விட்ட விரல்களெல்லாம் ஒரேயடியாக மடங்கின மாதிரி இருந்தது. நாலு மாதம். தினமும். எல்லாரும் என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மூலை வீட்டு ஜன்னலில் சரசு அக்கா பாப்பாவோடு நின்றாள், அவளும் பார்த்தாள். நான் சொல்லவில்லை. சொன்னால் மறுநாளிலிருந்து நான் வெறும் பிள்ளை தூக்குகிற பெண். சரசு அக்காவின் மாமியார் ஜன்னலைச் சாத்தினாள்.

கன்னியம்மா திரும்பினாள். மணியைக் கைக்குள் பொத்திப் பிடித்துக்கொண்டு, அது ஒலிக்காமல், ரயில் கேட்டைத் தாண்டிப் போனாள். அந்த ஆடு சத்தமில்லாமல் நடந்தது அன்று ஒருநாள்தான்.

அதற்கு மூன்றாம் நாளிலிருந்து உச்சி வேளையில் மணி கேட்க ஆரம்பித்தது. வாசலுக்கு வந்து பார்த்தால் தெரு வெறிச்சோடிக் கிடக்கும். பெரியம்மாவிடம் கேட்டேன், அவளுக்குக் கேட்கவில்லை. சரசு அக்காவுக்கு மட்டும் கேட்டது. கொல்லைப்புற வேலியருகே என்னைக் கூப்பிட்டு, "மணி கேக்குது பாரு வசந்தா, அவ இங்கதான் எங்கியோ கீறா. மாமிக்குத் தெரியாம போய்க் கூட்டியாடி. பவுடர் பாலு ஒத்துக்கலடி பாப்பாக்கு," என்றாள். போனேன். ரயில் கேட் வரைக்கும் போனேன். பாதைக்கு அந்தப் பக்கம் குடிசையில் புகை தெரிந்தது. ஒரு எலெக்ட்ரிக் ரயில் கடந்து போகிற வரைக்கும் நின்றுவிட்டு, திரும்பி வந்து, "யாரும் இல்லக்கா, வூடு பூட்டிக்கீது," என்று சொன்னேன்.

எட்டாம் நாள் பாப்பா போய்விட்டது.

தெருவே அழுதது. அழுகைக்கு நடுவில் பெரியம்மா சொன்னாள்: "பாத்தியா, வெரட்டி வுட்டும் வுடலியே. அன்னிக்கு நின்னது இன்னிக்கு வேலையக் காட்டிடுச்சு. இந்தப் பொண்ணு சொன்னா சொன்னதுதான்." என் தலையைத் தடவினாள். தப்பு என்று காட்ட வேண்டிய சாவையே சரி என்று காட்டும் சாட்சியாக்கிக்கொண்டார்கள். இனி எது நடந்தாலும் நான் சொன்னது சரியாகத்தான் இருக்கும், எந்த வழியிலும் வெளியே வர முடியாது என்று எனக்குப் புரிந்தது. சரசு அக்கா மட்டும் என்னைப் பார்த்த பார்வை வேறு. அந்தப் பொங்கலுக்குள் புருஷனோடு சிங்கப்பெருமாள் கோவில் பக்கம் குடிபோய்விட்டாள்.

ஆட்டுப்பால் நின்றதால்தான் பாப்பா செத்தது என்று நான் எழுதிவிடலாம். எழுதினால் நீங்களும் நம்பிவிடுவீர்கள். ஆனால் ஆடு நின்றதால் செத்தார்கள் என்று சொன்னதும் இதே வாய்தான். துரை கஞ்சித் தண்ணீரால் பிழைத்தானா, தானாகவே பிழைத்தானா, அதுவும் தெரியாது. எனக்கு உறுதியாகத் தெரிந்தது மூன்றே விஷயம்: ஆடு நாலு மாதம் அந்த வாசலில் நின்றது, கேட்டபோது நான் வாய் திறக்கவில்லை, குடிசையில் புகை தெரிந்தது. இவை நான் கண்ணால் பார்த்தவை, நானே செய்தவை.

பிறகு ஐந்து பிள்ளைகளை வளர்த்தபோது, எதைப் பார்த்தாலும் பார்க்காமல் விட்டது எது என்று தேடுவது எனக்கு வழக்கமாகிவிட்டது. வேப்பிலை கட்டினதால் காய்ச்சல் விட்டது என்று யாராவது சொன்னால், கட்டாமலே விட்ட வீடு எத்தனை என்று கேட்பேன். வாயாடி என்று பெயர் வாங்கினேன். வாங்கிக்கொண்டேன்.

இப்போது அந்தத் தெருவில் ஓட்டு வீடு ஒன்றுகூட இல்லை. குவாரியில் வேட்டு நின்று எத்தனையோ வருஷமாகிறது. ரயில் கேட் இருந்த இடத்துக்கு மேலே வண்டிகள் போகின்றன. மூலை வீடு மூன்று மாடிக் குடியிருப்பாகிவிட்டது, அதில் இரண்டாவது மாடியில்தான் நான் இருக்கிறேன். ஆனாலும் வாரத்தில் ஒரு நாளாவது, உச்சி வெயிலில், கீழே வாசலில் மணி கேட்கும். இழுத்தாற்போல் ஒரு தரம், ரொம்ப நேரம் கழித்து இன்னொரு தரம். முழங்கால் வலியோடு இறங்கிப் போய்ப் பார்த்துவிட்டுத்தான் வருவேன். சில நாள் ஐஸ் வண்டிக்காரன், சில நாள் கேட்டில் காற்றுக்கு ஆடும் பூட்டு. சில நாள் ஒன்றுமே இருக்காது. ஐஸ் வண்டிக்கு ஒரு கோடு, பூட்டுக்கு ஒரு கோடு, ஒன்றுமில்லாத நாளுக்கும் ஒரு கோடு என்று காலண்டரில் பென்சிலால் போட்டுவைக்கிறேன். ஒன்றுமில்லாத கோடுகள்தான் அதிகமாகிக்கொண்டு வருகின்றன. அதற்கு அர்த்தம் சொல்ல நான் அவசரப்படவில்லை.

துரை பெரும்பாக்கத்தில் சின்ன மகனோடு இருக்கிறான். ஞாயிற்றுக்கிழமை மீன் குழம்புக்கு வருவான். வந்தால் பேரப்பிள்ளைகளைச் சுற்றி உட்காரவைத்து, "எங்கக்கா மட்டும் அன்னிக்கு அந்தப் பாலைக் கொட்டலன்னா நான் இன்னிக்கு இல்ல" என்று ஆரம்பிப்பான். அறுபது வருஷத்துக்கு மேலாக நானும் குழம்பு ஊற்றிக்கொண்டே கேட்டிருக்கிறேன். இந்த ஞாயிற்றுக்கிழமை அவன் ஆரம்பிப்பதற்கு முன்னால் இதை அவனுக்குப் படித்துக்காட்ட வேண்டும். என் குரல் நடுவில் நின்றுவிடும். வேறு ஒருவர் வாயில்தான் அது கடைசி வரைக்கும் போகும்.

கயல், போனை வைத்துவிட்டு இங்கே வா. பாட்டி எழுத்து கோணல்மாணலாக இருக்கும், பார்த்துக்கொள். முதலிலிருந்து எனக்கு ஒரு தரம் வாசித்துக்காட்டு. கன்னியம்மா என்னிடம் கேட்கிற இடம் வரும்போது மட்டும் கொஞ்சம் நிறுத்து, கண்ணு. இந்தத் தடவை நான் பதில் சொல்கிறேன்.